10 மாசம் ஆண்டவர், 300 வருஷமா வாழ்றார்... நம்ம ஊர் ‘வெஸ்டர்ன்’ ஹீரோ தேசிங்கு ராஜா!

பௌர்ணமி கிரிவலத்துக்கு சென்னையிலிருந்து திருவண்ணாமலை பஸ் ஏறியிருக்கீங்களா? திண்டிவனத்தில் திரும்பி செஞ்சியை நெருங்கும்போது ஜன்னலோரம் உட்கார்ந்திருக்கிறவங்க கை தானா போனைத் தேடும். பெரிய பெரிய பாறைகளை லாரியில் கொண்டுவந்து கொட்டின மாதிரி மலைகள், உச்சியில் கோட்டை, சரிவு முழுக்க மதில். ஒரு போட்டோ எடுக்கிறதுக்குள்ள பஸ் தாண்டிடும். கீழ்பென்னாத்தூர் வரும்போது பாதி பஸ் மறுபடி தூங்கியிருக்கும்.

நாம தூங்கிட்டே தாண்டிப் போற அந்த இடத்தில்தான் ஒரு முழு ‘வெஸ்டர்ன்’ படத்துக்கான கதை கிடக்கு. யாராலும் அடக்க முடியாத குதிரை, எல்லையில் ஒரு கோட்டை, பிடிவாதக்கார இளைஞன், உயிரைக் கொடுக்கும் நண்பன், தோற்கப்போறோம்னு தெரிஞ்சே போகிற கடைசிச் சண்டை. ஹீரோ பெயர் தேசிங்கு ராஜா.

விமல் நடிச்ச 2013 காமெடிப் படத்தின் டைட்டிலா இந்தப் பெயர் உங்களுக்குத் தெரிஞ்சிருக்கலாம். கொஞ்சம் கெத்து காட்டினா, பெரிய தேசிங்கு ராஜான்னு நினைப்பான்னு வீட்டில் திட்டு வாங்கியிருக்கலாம். அந்த ஒரிஜினல் தேசிங்கு செஞ்சியை ஆண்டது சுமார் 10 மாசம். செத்தது 1714-ல். தோத்துப்போன ஒருத்தர் எப்படி இத்தனை காலம் ஹீரோவாவே இருக்கார்?

கௌபாய்க்கும் தேசிங்குக்கும் என்ன சம்பந்தம்?

கொஞ்சம் அமெரிக்கா போயிட்டு வந்துடுவோம். 1903-ல் எடிசன் கம்பெனிக்காக எட்வின் போர்ட்டர் ‘தி கிரேட் ட்ரெயின் ராபரி’ன்னு ஒரு மௌனப் படம் எடுத்தார். மொத்தமே 12 நிமிஷம்தான். ரயில் கொள்ளை, குதிரைத் துரத்தல், துப்பாக்கிச் சண்டைன்னு பின்னாடி வந்த கௌபாய் படங்களுக்கு அதுதான் அரிச்சுவடி. கடைசியில் கொள்ளைக்காரன் நேரா நம்மளைப் பார்த்துச் சுடுவான். கதை நடப்பது மேற்கு அமெரிக்காவில். ஆனா, ஷூட்டிங் நடந்ததோ கிழக்குக் கரையில், நியூஜெர்சி பக்கம்!

மௌனப் படக்காரங்க இந்தக் கதைகளைப் புதுசா உட்கார்ந்து யோசிக்கலை. அங்கே 10 சென்ட்டுக்கு விற்ற மலிவு விலை நாவல்கள் ஏற்கெனவே எல்லைப்புறத்து ஆட்களை ஹீரோவாக்கி வெச்சிருந்தன. 1883-ல் இருந்து ‘பஃபலோ பில்’ தன் ஷோவில் நிஜக் குதிரைகளையும் நிஜ வீரர்களையும் இறக்கி அதே கதைகளை நடத்திக்கிட்டு இருந்தார். அந்த ஷோவில் ஃபேமஸான அயிட்டம், ஜெனரல் கஸ்டரின் கடைசிச் சண்டை. 1876-ல் லகோட்டா, ஷயான் பழங்குடிகளிடம் தோத்து, தன் ஆட்களோடு செத்த ராணுவ அதிகாரி அவர். 1912-ல் அதுவும் மௌனப் படமா வந்தது.

இப்போ நம்ம ஊருக்கு வாங்க. இங்கே மலிவு நாவல் இடத்தில் ‘பெரிய எழுத்து’க் கதைப் புத்தகம். சந்தையிலும் திருவிழாவிலும் விற்கிற, கொட்டை எழுத்தில் அச்சடிச்ச புத்தகங்கள். நல்லதங்காள், மதுரை வீரன் கதைகளோடு தேசிங்கு ராஜன் கதையும் அதில் ஹிட். அதுக்கும் முன்னாடியே ஊர் ஊரா பாடகர்கள் அதைப் பாடிட்டு இருந்தாங்க.

1910, 20-களில் தமிழ்நாட்டு டென்ட் கொட்டகைகளில் எடி போலோவின் அதிரடி சீரியல் படங்கள் ஓடினப்போ, திரைக்குப் பக்கத்தில் ஒருத்தர் நின்னு கதையைத் தமிழில் விளக்கிச் சொல்வார். மணலில் உட்கார்ந்து பார்த்த கூட்டத்துக்கு அந்த ஸ்டைல் புதுசே இல்லை. குதிரை, வாள், வீரம்னு ஒருத்தர் சொல்லச் சொல்ல ராத்திரி முழுக்கக் கேட்டுப் பழகின கூட்டம் அது.

புந்தேல்கண்ட் டு செஞ்சி

தேசிங்கு தமிழர் இல்லை. அவர் பெயர் தேஜ் சிங். அது தமிழ் வாயில் தேசிங்கு ஆகிடுச்சு. அப்பா சொரூப் சிங், வட இந்தியாவில் புந்தேல்கண்டைச் சேர்ந்த ராஜபுத்திரர். முகலாயப் பேரரசின் அதிகாரி.

அவங்க குடும்பம் இங்கே எப்படி வந்தது? 1677-ல் சிவாஜி செஞ்சியைப் பிடிச்சார். அவர் மகன் ராஜாராம் இதே கோட்டையில் இருந்துதான் ஔரங்கசீப்பின் படையைச் சமாளிச்சார். தளபதி சுல்ஃபிகர் கான் 1690-ல் முற்றுகையைத் தொடங்கினார். கோட்டை விழுந்தது 1698-ல்தான். எட்டு வருஷம்! இந்த எட்டு வருஷத்தை ஞாபகம் வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும்.

1700 வாக்கில் சொரூப் சிங்கைக் கோட்டைக் காவலரா நியமிச்சது டெல்லி. பாரசீகத்தில் கில்லேதார்னு சொல்வாங்க. இது பரம்பரைச் சொத்து இல்லை, ஒரு பதவி. கோட்டையைக் காக்கணும், சுற்றியுள்ள பகுதியில் வரி வசூலிக்கணும், மேலே கட்ட வேண்டிய பங்கைக் கட்டணும்.

குதிரை என்ட்ரி!

கதைப்பாடல் சொல்ற தேசிங்குக்கு மாஸ் என்ட்ரி டெல்லியில். பாதுஷாவிடம் ஒரு முரட்டுக் குதிரை, பெயர் பாராசாரி. எந்த ராஜாவாலும் அதை அடக்க முடியலை. சொரூப் சிங்கும் முயற்சி செய்து தோற்று, சிறையில் அடைக்கப்படுகிறார். வளர்ந்து வந்த மகன் டெல்லிக்குப் போய், அந்தக் குதிரையில் ஏறி, அடக்கி, அப்பாவை மீட்டு வருகிறார். பரிசா அதே குதிரை கிடைக்குது. பீம்சிங் மகள் ராணிபாயோட கல்யாணமும் நடக்குது.

வரலாறு இதை உறுதிப்படுத்தலை. ஆனா கதையில் இதுக்கு ஒரு வேலை இருக்கு. இந்தப் பையன் யாருக்கும் அடங்க மாட்டான், அடங்காததையும் அடக்குவான்னு முதல் சீன்லயே நமக்குச் சொல்லிடுது. ஹீரோ வர்றதுக்கு முன்னாடி குதிரை வரணும்கிற ரூல் கௌபாய் படங்களுக்கு மட்டும் சொந்தம் இல்லை.

சண்டை எதுக்கு? ஒரே வார்த்தை: பாக்கி

பாட்டை ஓரமா வெச்சுட்டு வரலாற்றுக்கு வருவோம். 1707-ல் ஔரங்கசீப் இறந்தார். அடுத்த ஆறு வருஷத்தில் டெல்லி சிம்மாசனத்தில் ஆள் மாறிக்கிட்டே இருந்தது. மேலே யார் இருக்காங்கன்னே தெரியாத நேரத்தில் கீழே இருக்கிறவங்க என்ன செய்வாங்க? கட்ட வேண்டியதைத் தள்ளிப் போடுவாங்க. சொரூப் சிங்கும் அதைத்தான் செஞ்சார். பாக்கி ஏறிக்கிட்டே போனது.

அந்த நேரத்தில் ஆற்காட்டில் நவாபா இருந்தவர் சாதத்துல்லா கான். கர்நாடகப் பகுதியின் வரியை வசூலிச்சுக் கணக்குக் காட்ட வேண்டிய பொறுப்பு அவருடையது. 1713 கடைசியில் சொரூப் சிங் இறந்ததும் மகன் தேசிங்கு செஞ்சிக்குப் பொறுப்பேற்றார். வயசு 22-ன்னு பரவலா சொல்றாங்க.

இங்கேதான் சிக்கல். நவாப் ரெண்டு விஷயத்தைக் கிளப்பினார். ஒண்ணு, அப்பா வெச்சுட்டுப் போன பாக்கி. ரெண்டு, அப்பாவுக்குக் கொடுத்த பதவி மகனுக்குத் தானா வராது, டெல்லியிலிருந்து புது உத்தரவு வேணும். தேசிங்கோ, ஔரங்கசீப் தன் அப்பாவுக்குக் கொடுத்த உத்தரவே போதும், ஆற்காட்டுக்குப் பதில் சொல்ல வேண்டிய அவசியம் இல்லைன்னு நின்னார்.

இன்னிக்கு மொழியில் சொல்லணும்னா, ஹெட் ஆபீஸ் கொடுத்த அப்பாவோட அப்பாயின்ட்மென்ட் ஆர்டரைக் கையில் வெச்சுக்கிட்டு, ரீஜனல் மேனேஜரைக் கண்டுக்காத பையன். சட்டப்படி பார்த்தா நவாப் பக்கம்தான் நியாயம் கொஞ்சம் கூடுதலா தெரியுது. ஆனா, சட்டப்படி சரியா இருந்தவங்களைப் பற்றி யாரும் பாட்டு கட்டறதில்லை!

கல்யாண வீட்டிலிருந்து களத்துக்கு

நவாப் படை கிளம்பி வருது. தேசிங்கு பக்கம் சில நூறு குதிரை வீரர்கள்தான். அந்தப் பக்கம் ஆயிரக்கணக்கில். கதைப்பாடல் இங்கே வேகம் எடுக்கும்.

தேசிங்கின் உயிர் நண்பன் மகபத்கான், வழுதாவூர்க்காரர். சண்டைச் செய்தி வரும்போது அவருக்குக் கல்யாணம் நடந்துக்கிட்டு இருக்கு. தாலி கட்டுற நேரத்தில் நண்பனுக்கு ஆபத்துன்னு தெரிஞ்சதும், மாப்பிள்ளைக் கோலத்தோடு நீலவேணிங்கிற தன் குதிரையில் ஏறிச் செஞ்சிக்கு வந்துடுறார். எல்லாரும் தயங்கி நிற்கிற நேரத்தில் ஒரே ஒருத்தர் மட்டும் குதிரையில் வர்ற சீன் இருக்கே, அதுக்கு எந்த ஊர் தியேட்டரிலும் விசில் பறக்கும்.

சண்டைக்குப் போறதுக்கு முன்னாடி தேசிங்கு சிங்கவரம் ரங்கநாதரிடம் உத்தரவு கேட்டாராம். செஞ்சிக்குப் பக்கத்திலேயே, பாறையைக் குடைஞ்சு செஞ்ச கோயில் அது. போகாதேன்னு சொல்ற மாதிரி சாமி முகத்தைத் திருப்பிக்கிச்சுன்னு நம்பிக்கை. படுத்திருக்கும் பெருமாளின் முகம் ஒருபக்கமா சாய்ஞ்சிருப்பதுக்கு இன்னிக்கும் அங்கே சொல்லப்படும் காரணம் இதுதான். சாமியே தடுத்தும் தேசிங்கு கேட்கலை.

1714 அக்டோபர் 3

இப்போ அந்த எட்டு வருஷத்துக்கு வருவோம். ஔரங்கசீப்பின் பெரும்படையையே எட்டு வருஷம் வெளியே நிற்க வெச்ச கோட்டை இது. மூணு மலை, சுற்றி மதில், உள்ளே தானியக் களஞ்சியம், குளங்கள். ராஜகிரி உச்சிக்குப் போகணும்னா ஒரு பெரிய பிளவைப் பாலம் போட்டுத்தான் தாண்டணும். பாலத்தை எடுத்துட்டா மேலே போக வழியே கிடையாது. தேசிங்கு கதவைச் சாத்திக்கிட்டு உள்ளேயே உட்கார்ந்திருந்தா, நவாப் எத்தனை மாசம் காத்திருக்க வேண்டி வந்திருக்கும்?

அவர் வெளியே வந்தார். செஞ்சியை அடுத்த தேவனூர், கடலி வட்டாரத்து வெட்டவெளியில், சின்னக் குதிரைப் படையோடு பெரிய படைக்குள் புகுந்தார். வீரமா, அவசரமா? ரெண்டும்தான்னு தோணுது. 22 வயசில் அந்த ரெண்டுக்கும் நடுவில் கோடு போடுறது கஷ்டம்.

சண்டையில் நவாப் தரப்புத் தளபதி தௌலத் கான் தேசிங்கால் கொல்லப்பட்டார். மகபத்கானும் விழுந்தார். கடைசியில் தேசிங்கும் அதே களத்தில் கொல்லப்பட்டார்ங்கிறது வரலாறு. பாட்டு அதை ஏத்துக்கலை. அதில் தேசிங்கை யாராலும் கொல்ல முடியாது. நண்பன் போன பிறகு, தன் வாளை வானத்தில் எறிஞ்சு, அது கீழே வரும்போது நெஞ்சைக் காட்டி நிற்கிறார். எதிரி கையால் சாகாமப் பார்த்துக்கிட்டாங்க அந்தப் பாடகர்கள்.

கஸ்டருக்கும் இதேதான் நடந்தது. அவர் நிஜத்தில் எப்படிச் செத்தார்ங்கிறதைவிட, மேடையிலும் மௌனப் படத்திலும் எப்படிச் செத்தார்ங்கிறதுதான் ஜனங்க மனசில் நின்னது. தோல்வியைக் கதையா மாத்துறப்போ, கடைசி ஷாட்டை யார் எடுக்கிறாங்கங்கிறதுதான் முக்கியம்.

ஜெயிச்சவர் செஞ்ச மரியாதை

வெஸ்டர்ன் படங்களில் இருந்து நம்ம கதை பிரியுற இடம் இனிமேல்தான்.

அந்த மௌனப் படங்கள் பலவற்றில் எதிரின்னா பழங்குடி. அவனுக்குப் பெயர் இருக்காது, குணம் இருக்காது, கூட்டமா வந்து சுடப்பட்டு விழணும். அவன் நிலம்தான் பறிபோச்சுங்கிற விஷயம் படத்தில் வரவே வராது.

தேசிங்கு கதையில் ஜெயிச்ச நவாப் வில்லனா முடியலை. இறந்தவரின் வீரத்தைப் பார்த்துக் கலங்கி, உரிய மரியாதையோடு எரியூட்டச் செய்தார்னு மரபு சொல்லுது. கோட்டையில் செட்டிக்குளக் கரையில் இருக்கும் மேடையைத்தான் அந்த இடமா காட்டுறாங்க. ராணிபாய் கணவரோடு தீயில் இறங்கினார். அந்தக் காலத்தில் அதைப் பெருமையாப் பாடினாங்க. இன்னிக்குப் படிக்கிறப்போ, இவ்வளவு பெரிய கதையில் அந்தச் சின்னப் பொண்ணுக்கு என்ன வேணும்னு யாருமே கேட்கலையேன்னுதான் மனசு கனக்குது.

அவங்க நினைவா நவாப் உருவாக்கியதுதான் ராணிப்பேட்டைன்னு சொல்வாங்க. ஆற்காட்டுக்கு எதிரே, பாலாற்றின் மறுகரையில் இருக்கிற, இன்னிக்குத் தனி மாவட்டமா ஆகிட்ட அதே ராணிப்பேட்டை. தோற்கடிச்சவரே தோத்தவர் மனைவியின் நினைவா ஓர் ஊரை எழுப்பினார்னு ஜனங்க நம்புறாங்க.

வாட்ஸ்அப்பில் வர்ற தேசிங்கு

சமீப காலமா இந்தக் கதை ஷார்ட்ஸ், ஃபார்வர்டுகளில் வேற மாதிரி சுத்துது. ராஜபுத்திர ராஜா, முஸ்லிம் நவாப், மதச் சண்டைன்னு முப்பது விநாடியில் முடிச்சுடுறாங்க. கேட்க விறுவிறுப்பா இருக்கும். ஆனா, நடந்தது அது இல்லை.

தேசிங்கு குடும்பத்துக்குப் பதவி கொடுத்ததே ஔரங்கசீப். தேசிங்கு தன் உரிமைக்கு ஆதாரமா காட்டினதும் அவர் உத்தரவைத்தான். அவருக்காக உயிர் கொடுத்த நண்பன் மகபத்கான். நவாப் பக்கம் நின்னு சண்டை போட்டவர்களில் ஒருத்தர் வெங்கடகிரி பாளையத்தின் பங்காரு யாசம நாயக்கர். இதில் எந்தப் பக்கத்தை எந்த மதத்துக்கு எழுதி வைப்பீங்க? சண்டை வரிப் பணத்துக்கும் அதிகாரத்துக்கும் நடந்தது.

இன்னொரு விஷயத்தையும் சொல்லணும். கதைப்பாடலும் சொல்லாம விட்ட ஒண்ணு இருக்கு. அந்த பாக்கிப் பணம் யாருடையது? சொரூப் சிங் வெச்சுக்கிட்டாலும், நவாப் வாங்கிக்கிட்டாலும், டெல்லிக்குப் போனாலும், கொடுத்தது என்னவோ இந்த மண்ணில் ஏர் ஓட்டினவங்கதான். அவங்களுக்குப் பாட்டில் ஒரு சீன்கூட இல்லை. கௌபாய் படத்தில் பழங்குடிகளுக்கு நடந்ததுக்கும் இதுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை.

ஆனாலும், அந்த ஏர் ஓட்டினவங்களோட பிள்ளைங்கதான் வடக்கே இருந்து வந்த, வேற மொழி பேசின ஒரு பையனைத் தங்கள் வீட்டுப் பிள்ளையா தத்தெடுத்துத் தலைமுறை தலைமுறையா பாடினாங்க. கூடவே அந்த முஸ்லிம் நண்பனையும் சேர்த்துப் பாடினாங்க. 1960-ல் டி.ஆர்.ரகுநாத் இயக்கத்தில் ‘ராஜா தேசிங்கு’ வந்தப்போ எம்.ஜி.ஆருக்கு அதில் ரெட்டை வேடம். ஒருத்தர் தேசிங்கு, இன்னொருத்தர் தாவூத்கான். ஒரே முகம், ரெண்டு மதம். சினிமாக்காரங்க கற்பனைதான், ஆனா பாட்டின் மனசைப் புரிஞ்சுக்கிட்ட கற்பனை.

அடுத்த முறை இறங்கிப் பாருங்க

2025 ஜூலையில் யுனெஸ்கோ, மராத்தியர்களின் 12 கோட்டைகளை உலகப் பாரம்பர்யப் பட்டியலில் சேர்த்தது. அதில் 11 மகாராஷ்டிராவில் இருக்கு. மிச்சம் ஒண்ணு நம்ம செஞ்சி. பட்டியலில் இடம் வாங்கிக் கொடுத்தது சிவாஜி, ராஜாராம் காலத்து வரலாறு. ஆனா, ஊர்க்காரங்ககிட்ட இது யார் கோட்டைன்னு கேட்டுப் பாருங்க. 10 மாசம் இருந்தவர் பெயரைத்தான் சொல்வாங்க.

திருவண்ணாமலையிலிருந்து செஞ்சி சுமார் 40 கிலோமீட்டர்தான். கிரிவலம் முடிச்சுட்டுச் சென்னைக்குத் திரும்புறவங்க, காலையிலேயே கிளம்பினா வழியில் இறங்கி வெயில் ஏறுறதுக்கு முன்னாடி ராஜகிரியைப் பார்த்துடலாம். தண்ணி பாட்டில் கட்டாயம். மேலே ஏற முடியாதவங்க கல்யாண மகாலையும் செட்டிக்குளத்தையும் கீழேயே பார்க்கலாம்.

நேரம் இருந்தா, நீலாம்பூண்டி கிராமத்துக்கும் ஒரு ஆட்டோ பிடிங்க. மகபத்கானின் சமாதி அங்கே இருக்கு. பக்கத்திலேயே அவர் ஏறி வந்த குதிரை நீலவேணிக்கும் ஒரு சமாதி. ராஜாவுக்குக் கோட்டையும் படமும் பாட்டும் கிடைச்சது. கல்யாணத்தைப் பாதியில் விட்டுட்டு வந்த நண்பனுக்கும் குதிரைக்கும் கிடைச்சது இந்தச் சின்ன இடம்தான். ஒரு ரெண்டு நிமிஷம் நின்னுட்டு வாங்க.